காப்பி பாபு

காப்பி ஆறுவதற்குள் குடித்துவிடுங்கள், மஹாதேவன். கொட்டை கும்பகோணத்திலிருந்து பார்சலில் வந்தது. சாவித்ரி வறுத்து இடித்துக் கலந்து வைத்துவிட்டுத்தான் ஜலஜாவை அழைத்துக்கொண்டு காளிகாட் கோயிலுக்குப் போயிருக்கிறாள். பவானிபூரில் எங்கள் வீட்டுக் காப்பிக்கு நல்ல பேர் உண்டு. ஆபீசிலும் என் காப்பிக்கு நல்ல பேர்தான். அது வேறு காப்பி. மொத்தத்தில் இந்த ஊரில் நான் எடுத்த பேரெல்லாம் ஏதோ ஒரு காப்பியில் எடுத்ததுதான்.

நேற்று ஹௌரா ஸ்டேஷனில் இறங்கியதுமே நீங்கள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க என்ன தெரிஞ்சா பண்ணினேள்? பட்டாபி விதி அவ்வளவுதான். மனசைப் போட்டு உழப்பிக்காதீங்கோ" என்றீர்கள். தம்பியைப் பறிகொடுத்தவர் நீங்கள், ஆறுதல் எனக்கு. அப்போதிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. துக்கம் என்று சாவித்ரி நினைக்கிறாள். துக்கம் இல்லை, மனத்தாங்கல். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

முதலில் என் உத்தியோகம் என்ன என்று உங்களுக்குத் தெரியவேண்டும். எங்கள் கம்பெனியில் இஞ்ஜினீர்கள் காகிதத்தில் படம் போடுவார்கள். அதன்மேல் மெழுகு பூசிய மெல்லிய துணியை விரித்து, அடியில் தெரிகிற கோட்டையெல்லாம் மசியால் இழுத்து நகல் எடுப்பவன் நான். பட்டறையில் மூலப்படத்தைக் கண்ணால் பார்க்கமாட்டார்கள். என் நகலைப் பார்த்துத்தான் இரும்பை வெட்டுவார்கள், துளை போடுவார்கள். வெங்கடசுப்ரமணியன் என்ற பேர் துரையின் வாயில் நுழையவில்லை. வந்த வாரமே 'காப்பி பாபு' என்று வைத்துவிட்டார்.

சேர்ந்த புதிதில் ஒரே ஒரு தடவை மூளையை உபயோகித்தேன். ஒரு படிக்கட்டுப் படத்தில் கைப்பிடி தாழ்வாக இருக்கிறதே என்று நகலில் கொஞ்சம் உயர்த்திப் போட்டேன். துரை அந்தத் துணியை இரண்டாகக் கிழித்தார். "உன்னை யார் யோசிக்கச் சொன்னது? கண்ணில் படுவதைப் போடு" என்றார். அன்றோடு யோசனையை நிறுத்தினேன். நான் ஒன்றை நிறுத்தினால் நிறுத்தினதுதான். மூக்குப்பொடியையும் அப்படித்தான் நிறுத்தினேன்.

அப்புறம் ஒருநாள் மூலப்படத்தில் ஒரு ஈ நசுங்கிச் செத்து ஒட்டிக்கொண்டிருந்தது. கண்ணில் படுவதைப் போடு என்பது உத்தரவு. போட்டேன், கறுப்பாக ஒரு புள்ளி. எங்கள் படங்களில் கறுப்புப் புள்ளி என்றால் அந்த இடத்தில் துளை போடு என்று அர்த்தம். பட்டறையில் போட்டுவிட்டார்கள். நல்லவேளை, அது தண்ணீர்த் தொட்டி. ஒழுகியதோடு போயிற்று. எங்கள் ஹெட்கிளார்க்கை எல்லோரும் பொடோ பாபு என்போம், தங்கமான வங்காளி. அவர்தான் என்னை 'மாச்சிமாரா கெரானி' என்று ஆரம்பித்துவைத்தார். ஈயடிக்கிற குமாஸ்தா என்று பொருள். நம்மவர்கள் ஈயடிச்சான் காப்பி என்கிறார்களே, அதேதான். நம் தஞ்சாவூர் எங்கே, இந்தக் கல்கத்தா எங்கே! என்னைத் திட்டுவதற்கென்று இரண்டு பாஷையும் ஒரே ஈயை வைத்துக்கொண்டிருந்தன. எனக்கு அதில் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

ராஜதானியை டில்லிக்குத் தூக்கிக்கொண்டு போன வருஷம் பட்டாபி வந்தான். சின்னவன், உங்களை நம்பித்தான் அனுப்புகிறேன் என்று நீங்கள் சொல்லியனுப்பினீர்கள். எங்கள் கம்பெனியிலேயே படம் போடுகிற வேலை, எங்கள் வீட்டிலேயே ஜாகை. நல்ல பிள்ளை. அவனைப்பற்றி நான் ஒரு குறை சொன்னதாக யாரும் சொல்லமுடியாது.

வந்ததும் வராததுமாகச் சமையலறைப் புகைக்கு வழி செய்தான். பழைய மண்ணெண்ணெய் டின்னைப் பிரித்துக் குழாயாக உருட்டி, கரி அடுப்பின் தலைமேல் கவிழ்த்து ஜன்னல் வழியாக வெளியே விட்டான். கல்யாணமான நாளிலிருந்து சாவித்ரி கண்ணைக் கசக்கிக்கொண்டு சமைத்தவள். நானும் சும்மா இருக்கவில்லை. "கரியை நன்னா காயவெச்சு மூட்டு" என்று தினம் சொல்லிக்கொண்டுதான் இருந்தேன். பிறகு முற்றத்தில் ஒரு கப்பி கட்டினான். கயிற்றை இழுத்தால் மடித்துணிக் கொடி தானாக மேலே போகும். சாவித்ரி வேலை இல்லாதபோதும் போய் ஒரு இழுப்பு இழுத்துப் பார்த்துவிட்டு வருவாள். "பட்டாபிக்கு மூளை எப்படி ஓடறது பாருங்கோ" என்பாள். பார்த்தேன். அவனுக்குக் கப்பி, எனக்குக் காப்பி. ஒரு துணைக்கால்தான் வித்தியாசம்.

ஜலஜாவுக்கு ஒன்பதாம் வாய்ப்பாடு வராது. நான் தலையில் குட்டி ஒப்பிக்கச் சொல்வேன். என் அப்பா எனக்கு அப்படித்தான் சொல்லிக்கொடுத்தார், அதுவும் காப்பிதான். பட்டாபி அவளிடம், "ஏண்டி அழறே? வாய்ப்பாட்டுக்குள்ள போக வேற வழி இருக்கான்னு தேடிப் பாரேன்" என்றான். குழந்தை ரெண்டு மூணு நாள் முணுமுணுத்துக்கொண்டு திரிந்தது. பிறகு ஓடிவந்து, "அப்பா, தேகோ, தேகோ, இங்க பாரேன். விரலை ஒண்ணொண்ணா மடக்கிண்டே போனா ஒம்பதாம் வாய்ப்பாடு தானா வரது" என்று இரண்டு கையையும் நீட்டியது. மடக்கின விரலுக்கு இந்தப் பக்கத்து விரலெல்லாம் பத்துகள், அந்தப் பக்கத்து விரலெல்லாம் ஒன்றுகள். சரியாகத்தான் வந்தது. "விரலை மடக்கறது கறிகாய்க்காரி கணக்கு, வாயால சொல்லு" என்றேன். முகம் சுண்டிப்போயிற்று. பட்டாபி, "இது எனக்கே தெரியாதுடி ஜலஜா, நீ சொல்லித்தான் தெரியறது" என்றான். அது பொய். அவனுக்குத் தெரியும். ஒரு குழந்தையிடம் பொய் சொல்வதற்குக்கூட அவனுக்குக் கற்பனை இருந்தது. எனக்கு உண்மை சொல்வதற்கே ஆள் இல்லை.

கற்பனை வேண்டும் என்பதில் எனக்கு அபிப்பிராய பேதம் இல்லை, மஹாதேவன். உத்தியோகத்திலும் படிப்பிலும் அடுப்பங்கரையிலும் அது இல்லாவிட்டால் உப்பில்லாத பண்டம்தான். பொடோ பாபு வீட்டுச் சத்யநாராயண பூஜையில் நானே எழுந்து நின்று இதைப் பேசியிருக்கிறேன். எல்லோரும் தலையாட்டினார்கள். வேறு யாரோ பேசினதை மனப்பாடம் பண்ணிப் பேசினேன் என்பது அவர்களுக்குத் தெரியாது.

பிறகு பட்டாபி அந்த ஏற்றத்தட்டைப் படம் போட்டான். கங்கைக்கரைச் சணல் மில்லில், கூலிகள் சணல் கட்டைத் தலையில் வைத்துக்கொண்டு வழுக்குகிற பலகையில் ஏறுவார்கள். மழைக்காலத்தில் விழுந்து காலை ஒடித்துக்கொள்வார்கள். அதற்குப் பதிலாக ஆளையும் கட்டையும் சேர்த்துத் தூக்குகிற ஒரு தட்டு, பக்கத்துக்கு ஒன்றாக இரும்புப் பட்டையில் தொங்கும். துரை ஆபீஸ் நடுவில் படத்தைத் தூக்கிப் பிடித்து, "காப்பி பாபு, இந்த மூளையில் கால்வாசி உனக்கு இருந்திருந்தால்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். துரை என்றால் அப்படித்தான் பேசுவார், அதற்கெல்லாம் வருத்தப்படுகிறவன் இல்லை நான்.

அன்று சாயங்காலம் டிராமில் வரும்போது பட்டாபி மெதுவாகச் சொன்னான்: "துரை கெடக்கார் மாமா. உங்களாட்டம் காப்பி எடுக்க இந்த ஊர்லயே ஆள் கிடையாது. அதுவும் ஒரு கலைதான்."

அதுவும். அந்த 'உம்' இருக்கிறதே, அதை நான் வீடு வருகிறவரை வாயில் போட்டு மென்றேன். விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. கேலி செய்திருந்தானானால் நானும் சேர்ந்து சிரித்திருப்பேன். அவனும் இன்றைக்கு உங்கள் பக்கத்தில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருப்பான். அவன் இரக்கப்பட்டான். அது கொஞ்சம் அதிகம்.

படம் நகலுக்கு என்னிடம் வந்தது. என் ஆயுசில் அவ்வளவு சுத்தமாக ஒரு நகல் எடுத்ததில்லை. ஒரு கோடு தடிக்கவில்லை, ஒரு சொட்டு மசி ஊறவில்லை. இடதுபக்கத்து இரும்புப் பட்டையின் நடுவில் மட்டும் ஒரு கறுப்புப் புள்ளி இருந்தது. பாரத்தையெல்லாம் தாங்குகிற இடம் அதுதான் என்று பட்டாபியே எனக்கு விரலால் காட்டியிருந்தான். நகலைச் சரிபார்த்துக் கையெழுத்துப் போடவேண்டியவன் அவன். முன்னால் விரித்தேன். "மாமா எடுத்த காப்பியை நான் என்னத்துக்குப் பாக்கணும்? அபசாரம்" என்று சிரித்தபடியே பார்க்காமல் போட்டான். பார்த்திருக்கலாம். அவ்வளவு கற்பனை உள்ளவனுக்கு அது தோன்றவில்லை.

விச்வகர்மா பூஜையன்று தட்டுக்கு முதல் ஓட்டம் என்று ஏற்பாடு. இந்த ஊர்ப் பட்டறைகளில் அன்றைக்கு இயந்திரங்களுக்கெல்லாம் குங்குமம் வைத்துப் பூஜை போடுவார்கள். ஆகாயம் முழுக்கப் பட்டம் பறக்கும். தட்டில் அவளையும் ஏற்றிக்கொண்டு போவதாகப் பட்டாபி ஜலஜாவிடம் சொல்லியிருந்தான். குழந்தை விடியும்போதே பாவாடை கட்டிக்கொண்டு தயாராக நின்றது. நான் வேண்டாம் என்றேன். "ஏன், பட்டாபிதான் கூடவே இருக்கானே" என்றாள் சாவித்ரி. ஒன்பதாம் வாய்ப்பாட்டை வாயால் சொன்னால்தான் ஆச்சு என்று ஜலஜாவைப் பிடித்து உட்காரவைத்தேன். அழுதுகொண்டே சொன்னாள். நான் ஆபீசுக்கு லீவு போட்டுவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். பட்டை சற்று வளையும், துரை கத்துவார், பையனுக்குத் தலை கொஞ்சம் இறங்கும் என்றுதான் நினைத்தேன் என்று இத்தனை நாளாக எனக்கு நானே சொல்லிவருகிறேன். வளைகிறதற்கு மட்டும் என்றால் குழந்தையை ஏன் பிடித்து உட்காரவைத்தேன் என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான்.

பட்டாபிதான் முதலில் ஏறினானாம். தான் போட்டதில் தான்தான் முதலில் நிற்கவேண்டும் என்றானாம். கூட ஒரு பிஹாரிக் கூலி, சணல் கட்டோடு. அவன் பேர் எனக்குத் தெரியாது, கேட்டுக்கொள்ளவில்லை. தட்டு மேலே போய் நின்றதும் கரையில் எல்லோரும் கை தட்டினார்களாம். பட்டை துளை போட்ட இடத்தில் அறுந்தது. மீதியை அந்தச் சணல் மில் டாக்டரே உங்களுக்குச் சொல்லியிருப்பார்.

விசாரணையில் மூலப்படத்தை எடுத்துப் பிரித்தார்கள். இடதுபக்கத்துப் பட்டையின் நடுவில் ஒரு செத்த ஈ. துரை நகத்தால் சுரண்டிப் பார்த்தார். யாருக்கும் மேற்கொண்டு விளக்கம் தேவைப்படவில்லை. பழைய தண்ணீர்த் தொட்டிக் கதைதான் ஆபீசுக்கே தெரியுமே. பொடோ பாபு கண்ணைத் துடைத்துக்கொண்டு எனக்காகச் சாட்சி சொன்னார்: பாவம், ஈ எறும்புக்குக்கூடத் தீங்கு நினைக்காத மனுஷன், கண்ணில் படுவதைப் போடு என்று நாம்தானே பழக்கினோம் என்றார். என்னை மன்னித்தார்கள். துரை முதுகில் தட்டினார். நேற்று நீங்களும் மன்னித்துவிட்டீர்கள்.

வீட்டில் எல்லாம் பழையபடி ஆகிவிட்டது. கப்பிக் கயிற்றை சாவித்ரி அவிழ்த்து வைத்துவிட்டாள். ஜலஜா விரலை மடக்குவதில்லை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டு ஒன்பதாம் வாய்ப்பாட்டைப் பிசகில்லாமல் ஒப்பிக்கிறாள். முன்போலப் பேசுவதில்லை, அது ஒன்றுதான்.

உட்காருங்கள், மஹாதேவன், முடித்துவிடுகிறேன். என் மனத்தாங்கல் என்ன என்று இன்னும் சொல்லவில்லையே. ஊர் உலகம் முழுக்க இதையும் ஓர் ஈயடிச்சான் காப்பி என்றே நினைக்கிறது. அதுதான் பொறுக்கவில்லை. அந்தப் படத்தில் ஈ இல்லை. பட்டாபி காகிதத்தை எவ்வளவு சுத்தமாக வைத்துக்கொள்வான் என்று உங்களுக்குத் தெரியாதா? நகலில் புள்ளியை நான்தான் வைத்தேன். எங்கே வைக்கவேண்டும் என்று யோசித்து வைத்தேன். மறுநாள் ஆபீஸ் முழுக்கத் தேடியும் ஓர் ஈ அகப்படவில்லை. தெருமுனை மிட்டாய்க்கடையில் போய், வேண்டாத சந்தேஷ் வாங்கித் தின்றுகொண்டே நின்று, ஒன்றை அடித்துக் காகிதத்தில் மடித்து எடுத்துவந்து மூலப்படத்தில் அதே இடத்தில் ஒட்டினேன். எந்தப் பாஷை ஈயடிச்சான் காப்பியிலும் ஈ முதலில், காப்பி பிறகு. என்னுடையதில் காப்பி முதலில், ஈ பிறகு.

இதை எனக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, எங்கும் பார்த்துச் செய்யவில்லை. முழுக்க என் சொந்த யோசனை. பட்டாபி மட்டும் இருந்திருந்தால், மனசார மெச்சியிருப்பான்.