வேர் பிடிக்கும்வரை

தலையில் முடி நட்டுக்கொண்டு போகிறவர்கள் எல்லாரும் முதலில் கேட்பது, எப்போது தலைக்குக் குளிக்கலாம் என்றுதான். இரண்டாவது கேள்வியை வைத்து ஆளை எடை போட்டுவிடலாம், மேடம். கல்யாணம் நிச்சயமானவர் வீக்கம் எப்போது வடியும் என்பார். அலுவலகத்தில் பொய் சொல்லி விடுப்பு எடுத்தவர் எப்போது தொப்பியைக் கழற்றலாம் என்பார். உடம்பை வளர்க்கிறவர் எப்போது எடை தூக்கலாம் என்பார். ஆறு வருடமாக இதற்கெல்லாம் போனில் பதில் சொல்வதுதான் என் வேலை. கிளினிக்கில் எனக்கு போன் அக்கா என்று பெயர். என்னைவிட இருபது வயது மூத்தவர்கள்கூட அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

கண்ணாடிக் கடைக்கு மேலே இரண்டாவது மாடியில் கிளினிக். கை கழுவும் தொட்டிக்கும் மருந்து அலமாரிக்கும் நடுவில் என் மேஜை. முடி வைப்பதை நாங்கள் எங்களுக்குள் நடவு என்போம். பின்னந்தலையில் இருந்து ஒவ்வொரு வேராக எடுத்து முன்னால் ஊன்றுவதைப் பார்த்தால் உங்களுக்கும் அப்படித்தான் தோன்றும். நட்டது பிடிக்க பத்து நாள் ஆகும். அதுவரை குனியக் கூடாது, மூச்சுப் பிடித்து எதையும் தூக்கக் கூடாது, வியர்க்கவும் கூடாது. நாலு நாள் கழித்து மெல்ல நடக்கலாம். இரண்டு வாரம் கழித்து வேகமாக நடக்கலாம். எடை தூக்க ஒரு மாதம். நீச்சல் அதற்கும் பிறகு. டாக்டர் இதையெல்லாம் ஒரு பக்கம் எழுதிக் கொடுத்தார். யாருக்கும் மனதில் நிற்கவில்லை. நான்தான் அதை ஒரே வரியாக்கினேன்: வேர் பிடிக்கும்வரை வேர்க்கக் கூடாது. அவருக்கு ரொம்பப் பிடித்துப்போய், பெரிய எழுத்தில் அச்சடித்துச் சுவரில் ஒட்டிவிட்டார்.

ஜிம் மாஸ்டரும் அந்த வரியைப் படித்தார். அதையும் எழுதிக்கொள்ளுங்கள். நான் எதையும் மறைக்கவில்லை.

அதற்கு முன்னால் என் தம்பியைப் பற்றிச் சொல்ல வேண்டும். இருபத்து நாலு வயது. செல்போன் பழுது பார்க்கும் கடையில் வேலை. அப்பா அம்மா போன பிறகு எனக்கு அவன், அவனுக்கு நான். சாயங்காலமானால் மாஸ்டரின் ஜிம். அங்கே அவனுக்குக் குச்சி என்று பெயர். "நீ சட்டையைக் கழட்டினா எக்ஸ்ரே எடுக்கிற செலவு மிச்சம்டா" என்று மாஸ்டர் சொன்னாராம். அதை வீட்டுக்கு வந்து என்னிடம் சொல்லிவிட்டு அவனே விழுந்து விழுந்து சிரித்தான். வீட்டில் எதற்கெடுத்தாலும் மாஸ்டர் புராணம்தான். மாஸ்டர் முட்டையை இப்படிச் சாப்பிடச் சொன்னார், மாஸ்டர் இடது பக்கம் படுக்கச் சொன்னார். கண்ணாடியில் கையை மடக்கிப் பார்த்து, "அக்கா, ஏதாவது தெரியுதா?" என்பான். "தெரியுதுடா, பின்னாடி இருக்கிற சுவரு தெரியுது" என்பேன்.

போன வருடம் அவனுக்குக் காய்ச்சல் வந்தது. ஒன்பது நாள் அடித்துப் போட்டது. காய்ச்சல் இதயத் தசையைத் தொட்டிருக்கிறது என்று ஆஸ்பத்திரி டாக்டர் படம் பார்த்துச் சொன்னார். வீட்டுக்கு அனுப்பும்போது, "மூணு வாரம். மாடிப்படிகூட நின்னு நின்னு ஏறணும். ஜிம் இருக்கிற திசையில தலைவச்சுக்கூடப் படுக்கக் கூடாது" என்றார். இருபத்தோரு நாள் என்று சீட்டிலும் எழுதினார். அந்தச் சீட்டு என் கைப்பையில்தான் இருந்தது. இப்போதும் இருக்கிறது.

பன்னிரண்டாவது நாள் தம்பி ஜிம்முக்குப் போனான். மாஸ்டர் அவனை ஓடுகிற மெஷினில் ஏற்றினார். காய்ச்சல் கண்ட உடம்பு நன்றாக வேர்க்கட்டும் என்று வேகத்தைக் கூட்டிக்கொண்டே போனாராம். பதினெட்டாவது நிமிடம் அவன் கைப்பிடியைப் பிடிக்கப் பார்த்தான். பிடி கிடைக்கவில்லை. வண்டி வருவதற்குள் முடிந்துவிட்டது. என்னிடம் கொடுத்த சட்டையைப் பிழிந்திருந்தால் ஒரு டம்ளர் வந்திருக்கும்.

மாஸ்டர் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். டாக்டர் என்ன சொன்னார் என்று எனக்கு ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கலாம். கேட்காமல் செய்தார். என் கோபம் முழுக்க அந்த ஒன்றின்மேல்தான். வாக்குமூலம் எழுதுகிற அந்தப் போலீஸ் தங்கையிடம் இந்த வரிக்குக் கீழே கோடு போடச் சொல்லுங்கள்.

மூன்றாம் நாள் மாஸ்டர் வீட்டுக்கு வந்தார். அவ்வளவு பெரிய உடம்பு வாசற்படியில் ஒடுங்கிப்போய் நின்றது. "அக்கா, நான் யார்கிட்டயும் சொல்லல. சொல்லவும் மாட்டேன்" என்றார். எதைச் சொல்லவில்லை என்று நான் கேட்கவில்லை. தன் தப்பைத் தானே ஒப்புக்கொள்கிறார் என்று எடுத்துக்கொண்டு கதவைச் சாத்தினேன்.

பதினான்கு மாதம் கழித்துத் தொப்பி போட்டுக்கொண்டு கிளினிக்குக்குள் வந்தார். என்னைப் பார்த்ததும் வந்த வழியே திரும்பினார். நான்தான், "உக்காருங்க மாஸ்டர்" என்றேன். உட்கார்ந்தார். தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார். முன்பக்கம் வழித்துவிட்டது போல இருந்தது. ஒரு வருடத்தில் கொட்டிவிட்டதாம்.

"புதுசா சேர வர்றவங்க என் தலையைத்தான் முதல்ல பாக்கிறாங்க அக்கா. மாஸ்டருக்கே முடி நிக்கல, நமக்கு எங்க உடம்பு நிக்கப்போகுதுன்னு பேசிக்கிறாங்க."

நான் சிரித்தேன். அவருக்குக் கண் கலங்கிவிட்டது. "நீங்க என்கூடப் பேசுவீங்கன்னு நினைக்கவே இல்ல அக்கா."

"பேசாம என்ன செய்யப்போறோம்" என்றேன்.

படிவத்தை நான்தான் நிரப்பினேன். சர்க்கரை உண்டா என்று கேட்டபோது கதவைத் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். நாலு வருடமாக இருக்கிறது, மாத்திரை சாப்பிடுகிறார், ஜிம்மில் ஒருவருக்கும் தெரியாது. டாக்டர் ரத்தம் பார்த்துவிட்டு, கட்டுக்குள் இருக்கிறது, செய்யலாம் என்றார். ஆனால் இவருக்குப் புண் ஆறும் விஷயத்தில் கண்ணும் கருத்துமாக இருக்க வேண்டும், கொஞ்சம் சிவந்தாலும் உடனே தன்னிடம் காட்ட வேண்டும் என்று படிவத்தின் என் பிரதியில் சிவப்பு மையில் எழுதினார். அந்தத் தாளை எத்தனை முறை படித்தேன் என்று எனக்கே தெரியாது.

இரண்டாயிரத்து நானூறு வேர். காலை எட்டு மணிக்கு ஆரம்பித்து மாலை ஐந்துக்கு முடிந்தது. நல்ல நடவு. நானே கட்டுப் போட்டு அனுப்பினேன். மற்றவர்களுக்குக் கொடுக்கும் தாளை அவருக்குக் கொடுக்கவில்லை. "உங்களுக்கு எதுக்கு மாஸ்டர் தாளு? தினமும் நானே கூப்பிட்டுச் சொல்றேன்" என்றேன். அப்போதுதான் அவர் சுவரைக் காட்டினார்.

"அங்க வேர்க்கக் கூடாதுன்னு போட்டிருக்கே?"

"அது நாற்காலியத் தேய்க்கிறவங்களுக்கு. உங்க உடம்பு பழகின உடம்பு. ரத்தம் ஓடினாத்தான் வேருக்குச் சாப்பாடு. உங்களுக்கு வேர்க்க வேர்க்கத்தான் வேர் பிடிக்கும்."

"நான் சொல்றதையே எனக்குத் திருப்பிச் சொல்றீங்க" என்று சிரித்தார். ஆமாம், அதைத்தான் செய்தேன்.

நாலாவது நாளே எடை தூக்கச் சொன்னேன். முதலில் பாதி எடை, பிறகு முழுசு. தூசி படாமல் இருக்க, தொப்பியை இறுக்கமாகப் போட்டுக்கொண்டு தூக்கச் சொன்னேன். துண்டு புதிதாக வேண்டாம், ஜிம்மில் கிடப்பதே போதும் என்றேன். எதையும் கட்டாயப்படுத்தவில்லை. ஒவ்வொரு முறையும் அவர்தான் கூப்பிட்டுக் கேட்டார். குரலில் அத்தனை பணிவு இருந்தது. "அக்கா, தலைகீழாத் தொங்குற பயிற்சி செய்யலாமா?" என்று பள்ளிப் பிள்ளை போலக் கேட்டார். செய்யலாம் என்றேன்.

ஆறாவது நாள் நட்ட இடத்தில் ஈரம் கசிகிறது என்றார். வேர் ஊறுகிறது, தொட்டுப் பார்க்காதீர்கள் என்றேன். எட்டாவது நாள் படம் அனுப்பினார். அந்தப் படத்தை டாக்டரிடம் காட்டுவது என் வேலை. நான் அன்றைக்கு வந்திருந்த ஒரு வங்கிக்காரரின் தலையைப் படம் எடுத்து அதைக் காட்டினேன். நெற்றிக்கு மேலே குறுக்கே எடுத்தால் எல்லாத் தலையும் ஒன்றுதான். "அருமையா ஆறியிருக்கு, சர்க்கரைக்காரர்னு சொல்லவே முடியாது" என்றார் டாக்டர். டாக்டரைக் குற்றம் சொல்லாதீர்கள். நல்ல மனிதர்.

மாஸ்டர் நேரில் வருகிறேன் என்றார். டாக்டர் வெளியூரில் இருக்கிறார், அடுத்த வாரம்தான் வருவார் என்றேன். டாக்டர் அப்போது என் முதுகுக்குப் பின்னால் கை கழுவிக்கொண்டிருந்தார். பத்தாவது நாள் மாஸ்டர் வந்ததாகவும் புண் நன்றாக இருப்பதாகவும் நோயாளிப் புத்தகத்தில் எழுதினேன். என் கையெழுத்து அழகாக இருக்கும் என்று எல்லாரும் சொல்வார்கள்.

அன்று சாயங்காலம் கூப்பிட்டார். பல் கிட்டிப்போகிற அளவுக்கு நடுக்கம். பின்னால் அவர் மனைவி, "வேற எங்கயாவது காட்டலாம் வாங்க, யாரோ ஒருத்தி போன்ல சொல்றதைக் கேட்டுக்கிட்டு" என்று சத்தம் போடுவது கேட்டது. "சும்மா இரு, அவங்க தப்பா சொல்ல மாட்டாங்க" என்று அவளை அடக்கிவிட்டு என்னிடம் வந்தார்.

"காய்ச்சல் கொதிக்குது அக்கா. ரூம்ல வாடை வேற."

"வேர் இறங்கும்போது உடம்பு சுடத்தான் செய்யும். நல்லா வேர்த்தா இறங்கிடும், மாஸ்டர். ஓடுற மெஷின்ல ஒரு இருபது நிமிஷம் ஓடுங்க."

அந்த மெஷினா என்று கேட்பார் என்று காத்திருந்தேன். "சரிக்கா" என்று மட்டும் சொன்னார்.

இருபது நிமிடம் அவர் ஓடவில்லை. பதினொன்றில் விழுந்துவிட்டார். கிருமி ரத்தத்தில் கலந்து உடம்பு முழுக்கப் போயிருந்தது. புருவம் வரைக்கும் தோல் கறுத்துவிட்டது என்று நர்ஸ் ஒருத்தி சொன்னாள். நான் போய்ப் பார்க்கவில்லை. ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் உயிரோடு இருந்தார். செய்தி வந்த மதியம் கொண்டுபோன சாப்பாட்டை மிச்சம் வைக்காமல் சாப்பிட்டுவிட்டு டப்பாவைக் கழுவி வைத்தேன். பதினான்கு மாதத்தில் அன்றுதான் சாப்பாட்டில் உப்பு இருப்பது தெரிந்தது.

தெரிந்துதான் செய்தேன் மேடம். இவ்வளவு செய்தால் இறந்துபோவார் என்று தெரியும். வலிக்கட்டும் என்று தொடங்கினேன், சாகட்டும் என்று முடித்தேன். இதைச் சொல்ல எனக்கு வக்கீல் வேண்டாம்.

மாஸ்டரின் போனில் வருகிற போகிற பேச்செல்லாம் தானாகவே பதிவாகும் என்று நீங்கள் சொல்லித்தான் தெரியும். தம்பிதான் அப்படிச் செய்து கொடுத்திருப்பான், அவனுக்கு அதுதானே தொழில். இந்தப் பத்து நாள் பேச்சையும் போட்டுக் காட்டினீர்கள். எல்லாம் நான் பேசியதுதான். பிறகு பழைய ஒன்றையும் போட்டீர்கள். பதினான்கு மாதத்துக்கு முந்தையது, ஒரு நிமிடம்கூட இல்லை.

"அக்கா, குச்சி இங்க வந்து நிக்கிறான். டாக்டர் விட்டுட்டாரா? எத்தனை நாள்னு சொன்னாரு?"

"விட்டாச்சு மாஸ்டர், விட்டாச்சு. பன்னெண்டு நாளா வீட்ல உக்காந்து என் உயிரை எடுக்கிறான். தண்ணி கொண்டா, தலையணை கொண்டான்னு. நானும் எத்தனை நாள் லீவு போடுறது?"

"முகம் வெளுத்திருக்கே அக்கா. இன்னும் ஒரு வாரம் போகட்டுமா?"

"ஐயோ, வேண்டாம். நல்லா வேர்க்க விட்டு அனுப்புங்க. அப்பதான் சோம்பேறித்தனம் போகும்."

அதில் பின்னால் அவன் சிரிக்கிறான். அதை மட்டும் இன்னொரு முறை போடச் சொல்லிக் கேட்டேன், நீங்களும் போட்டீர்கள்.

அந்தப் பெண் குரல் என் குரல் மாதிரித்தான் இருக்கிறது. ஒரு நாளைக்கு அறுபது பேரிடம் போனில் பேசுகிறவள் நான், எல்லாவற்றையும் நினைவில் வைத்துக்கொள்ள முடியாது. கையெழுத்துப் போடுகிறேன், தாளை இப்படித் தாருங்கள். இதெல்லாம் நான் சொன்னபடியேதான் இருக்கிறது. ஆனால் மேடம், மாஸ்டர் என்னைக் கேட்காமல் செய்தார் என்று கோடு போட்ட அந்த வரியை மட்டும் ஏன் அடித்திருக்கிறீர்கள்? அதைத் திரும்ப எழுதச் சொல்லுங்கள். அது இல்லாமல் நான் கையெழுத்துப் போட மாட்டேன்.