செந்தாமரையின் கடைசி ரீல்

டீயில் சர்க்கரை கொஞ்சம் தூக்கல்தான், ஐயா. குறை சொல்ல மாட்டேன், தொண்டைக்கு நல்லது. என் பிழைப்பே தொண்டைதான்.

ஜவ்வாது மலைச் சந்தைகளில் பஞ்சாட்சரம் கூடாரம் போட்டுப் படம் காட்டுவான். நான் திரையோரம் நின்று கதை சொல்வேன். திருப்பத்தூரில் ஒரு பாதிரியார் பங்களாச் சாமான்களை ஏலம் விட்டபோது கிடைத்த படங்கள். எல்லாம் டென்மார்க்கில் எடுத்த ஊமைப் படங்கள், நாலே நாலு. நாலிலும் ஒரே நடிகை. அவள் பெயர் யார் வாயிலும் நுழையாததால் செந்தாமரை என்று வைத்தேன். கறுப்பு வெள்ளையில் ஏதுடா செந்தாமரை என்று பஞ்சாட்சரம் கேலி செய்வான். ஆனால் அவள் வாயசைக்க நான் பேசினால் கூடாரமே குலுங்கும். மாமியாரை அவள் வெளுத்து வாங்குவதெல்லாம் என் கைச்சரக்கு. படத்தில் அந்த அம்மாள் அவளுக்குத் தொப்பிதான் விற்றுக்கொண்டிருந்தாள்.

நாலாவது படத்தின் கடைசி ரீலில் செந்தாமரை ஆற்றில் விழுந்து சாவாள். முதல் தடவை அதைப் போட்டபோது சனம் எழுந்துபோய், ஓடையில் தலை முழுகிவிட்டு வீட்டுக்குப் போனது. மறுநாள் கூடாரத்தில் ஈ, காக்கை இல்லை. முன்வரிசையை யாருக்கும் விட்டுக்கொடுக்காத அம்மாக்கண்ணுவிடம் போய்க் கேட்டேன்.

"நம்ம வூட்டுப் பொண்ணு செத்திருக்கா. கருமாதி முடியாம படம் பாப்பாங்களா?" என்றாள்.

கருமாதி நாள் கழிந்ததும், மீன் பிடிக்கிறவர்கள் அவளைக் காப்பாற்றிவிட்டார்கள் என்று நானே ஊர் ஊராகப் போய்ச் சொன்னேன். அம்மாக்கண்ணு என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அன்றைக்கு இருந்த சந்தோஷம் என் கல்யாணத்தன்றுகூட இருந்ததில்லை. அப்புறம் அந்த ரீல் பெட்டியை விட்டு வெளியே வரவில்லை. அவள் ஆற்றங்கரைக்கு வந்ததுமே கல்யாணம் நிச்சயம் பண்ணி, மங்களம் பாடிவிடுவேன்.

போன மாதம் பஞ்சாட்சரம் பேசும் படத்துக்கு மாறப் போவதாகச் சொன்னான்.

"படம் பேச ஆரம்பிச்சதும் செந்தாமரையையே வூட்டுக்கு அனுப்பிட்டாங்களாம். உனுக்கு இன்னாடா?" என்றான்.

அதற்கு எனக்குக் கோபமே வரவில்லை, இன்ஸ்பெக்டர் ஐயா. கடைசி ஆட்டத்தில் முழுப் படத்தையும் போட்டுச் செந்தாமரையை வழியனுப்பிவிடலாம் என்றானே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை.

அந்தப் பழைய பிலிம் பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. சொல்லிக் கொடுத்தவனே அவன்தான். எத்தனையோ முறை என் பீடியைப் பிடுங்கி எறிந்திருக்கிறான். கடைசி ஆட்டத்தன்று மதியம் மெஷின் இருக்கும் தகர அறையில் உட்கார்ந்து, அந்தக் கடைசி ரீலில் அறுந்த இடங்களை ஒட்டிக்கொண்டிருந்தான். வெளியே தாழ்ப்பாள் போட்டேன். வெளிச்சம் திரைக்குப் போகிற ஓட்டை வழியாகப் பீடியைப் போட்டேன்.

"சக்கரவர்த்தி, தொறடா," என்று கூப்பிட்டான். அவனுக்கு நான் வசனம் எதுவும் சொல்லவில்லை.

நாலு படங்களும் அவனோடு போய்விட்டன. மறுநாள் காலை சுற்றுப்பட்டு ஊரெல்லாம் ஓடையில் இறங்கித் தலை முழுகியது. அம்மாக்கண்ணு மாரில் அடித்துக்கொண்டு அழுதாள்.

பஞ்சாட்சரத்துக்காகத்தான் இருக்கும், ஐயா. செந்தாமரையைத்தான் நான் சாகவிடவில்லையே.