நாற்காலியோடு என்னைத் தூக்கியது குறித்து

நான் இதே ஊரில் என் அம்மாவுடனும் தாய்மாமாவுடனும் குடியிருந்து வருகிறேன். வயது இருபது. பல்கலைக்கழகத்தில் கணிதம் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். அங்குள்ள வழிபாட்டு மாணவர் குழுவுக்கு நான்தான் செயலாளர். எனக்குக் கடவுள் நம்பிக்கை உண்டு. இதை முதலிலேயே எழுதிக்கொள்ளும்படி, இந்த வாக்குமூலத்தை எழுதும் காவல் ஆய்வாளரிடம் கேட்டுக்கொண்டேன், ஏனென்றால் இனி நான் சொல்லப்போவது நம்பிக்கை இல்லாதவர்களுக்கு ஆதரவாக இருக்கும்.

எங்கள் பல்கலைக்கழகத்தில் மதம் சாராத மாணவர் மன்றம் என்று ஒன்று உள்ளது. வியாழன்தோறும் மாலையில் நூலகத்தின் பின்பக்க அறையில் கூடுவார்கள். அதன் தலைவி இயற்பியல் மாணவி. மழை வருகிறது என்றால்கூட ஜன்னலுக்கு வெளியே கையை நீட்டிப் பார்த்துவிட்டுத்தான் நம்புவாள் என்பதால் அவளுக்குச் சந்தேகம் என்றே பெயர் விழுந்துவிட்டது. அவர்கள் கூட்டத்தில் மறுப்பு நாற்காலி என்று ஒன்று போட்டு, தங்களோடு ஒத்துப்போகாத ஒருவரை அதில் உட்காரவைத்து முதலில் பேசவிடுவார்கள். அவர் முடிக்கும்வரை யாரும் வாய் திறக்கக்கூடாது. அதன் பிறகு விவாதம் நடக்கும், கடைசியில் மனம் மாறியவர்கள் கை தூக்க வேண்டும். அந்த நாற்காலியில் உட்கார்ந்து யாரும் ஜெயித்ததில்லை. அது எனக்கு உறுத்திக்கொண்டே இருந்தது.

கடந்த வியாழன் நான் போனேன். யாரும் கட்டாயப்படுத்தவில்லை. உள்ளபடி சொன்னால், இடம் கேட்டு நான்தான் சந்தேகத்தை நச்சரித்தேன். பிரார்த்தனையால் பயன் உண்டா என்பது தலைப்பு. அம்மாவுக்கு அறுவை சிகிச்சை நடந்தபோது வெளியே பெஞ்சில் உட்கார்ந்து நான் பிரார்த்தனை செய்ததையும், அம்மாவைப் பிழைக்க வைத்தது டாக்டர்கள்தான் என்பதில் எனக்கு மறுப்பில்லை என்பதையும், அதே பெஞ்சில் உட்கார முடியாமல் எழுந்து போன அப்பா பிறகு வீட்டுக்கே திரும்பவில்லை என்பதையும் சொன்னேன். "நான் மட்டும் கடைசிவரை உட்கார்ந்திருந்தேன். என்னை உட்கார வெச்சது எதுன்னு நீங்களே சொல்லுங்க" என்று முடித்தேன். இதை நான் அதற்கு முன் யாரிடமும் சொன்னதில்லை.

அதன் பிறகு நிறைய விவாதம் நடந்தது, ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னேன். அதன் பிறகு சந்தேகம் எழுந்து, "கடவுள் இருக்கார்னு ஒத்துக்க மாட்டேன். ஆனா உன்னை அந்த பெஞ்சுல உட்கார வெச்சது பிரார்த்தனைதான். பயன் உண்டு" என்று சொல்லி முதல் கையைத் தூக்கினாள். அதன் பிறகு பாதி அறைக்கு மேல் கைகள் எழுந்தன. நான் ஜெயித்தேன். இதைத் தனி வரியாக எழுதச் சொன்னேன். அதற்கு வழக்கமில்லை என்று ஆய்வாளர் கூறிவிட்டார்.

அதன் பிறகு யாரோ "தூக்குங்கடா" என்று கத்த, நாலைந்து பேர் என்னை நாற்காலியோடு தூக்கி அறையைச் சுற்றி வந்தார்கள். நான் அலறினேன், அழுதேன், விழுந்து விழுந்து சிரித்தேன். கதவில் இடித்து நாற்காலியின் ஒரு கால் முறிந்தது. இங்கே காவல் நிலையத்தில் சுவரில் சாய்த்து வைக்கப்பட்டிருப்பது அதே நாற்காலிதான். என்னை அழைத்துப்போக வந்திருந்த மாமா ஜன்னல் வழியாகப் பார்த்தது இதைத்தான். மாமா எங்கள் பல்கலைக்கழகத் தேர்வு அலுவலகத்தில் கண்காணிப்பாளர். அந்த மன்றம் என்றாலே அவருக்கு ஆகாது. என்னை வீட்டில் விட்டுவிட்டு, என்னை ஒரு வார்த்தை கேட்காமல், நாத்திக மாணவர்கள் என்னை வலுக்கட்டாயமாகத் தூக்கி அவமானப்படுத்தியதாகக் காவல் நிலையத்தில் புகார் கொடுத்தார். மறுநாள் பல்கலைக்கழகத்தில் மன்றத்தின் அறையைப் பூட்டினார்கள். என் வாக்குமூலம் புகாரோடு ஒத்துப்போனால் மன்றம் கலைக்கப்படும், தலைவி படிப்பிலிருந்து நீக்கப்படுவாள் என்று நிர்வாகம் அறிவித்துள்ளது.

இன்று காலை அம்மா, "அப்பா போனப்புறம் நம்மளத் தாங்கினது மாமாதான். அவரைத் தலைகுனிய வெச்சுடாதேடி" என்றார். வாஸ்தவம்தான். மாமா என்றால் எனக்கு உயிர். அவர் பொய் சொல்லவில்லை. கண்ணால் கண்டதை எழுதிக் கொடுத்தார், காதால் எதையும் கேட்கவில்லை. என்னை யாரும் அவமானப்படுத்தவில்லை. என் பேச்சை முழுதாக உட்கார்ந்து கேட்ட முதல் கூட்டம் அது. எங்கள் வழிபாட்டுக் குழுவில் நான் வாயைத் திறந்தாலே பாட்டை ஆரம்பித்துவிடுவார்கள். மேலும் மன்றத்தைக் கலைத்துவிட்டால் அடுத்த முறை நான் யாரை ஜெயிப்பது?

இதுவரை எழுதியதை ஆய்வாளர் உரக்க வாசித்துக் காட்டினார். கதவு திறந்திருந்ததால் வெளியே காத்திருந்த மாமாவும் கேட்டுக்கொண்டு உள்ளே வந்தார். திட்டப்போகிறார் என்று நினைத்து எழுந்து நின்றேன்.

"நீ ஜெயிச்சியா?" என்றார்.

"ஆமா மாமா."

"எல்லாரையுமா?"

"பாதிக்கு மேல."

மாமா முறிந்த நாற்காலியை நிமிர்த்திப் பார்த்தார். அதன் பிறகு புகாரைத் திரும்பப் பெற எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று ஆய்வாளரிடம் கேட்டார். அதன் பிறகு என்னிடம், "மிச்சப் பேரை அடுத்த வியாழன் நான் பாத்துக்கறேன். அந்தப் பொண்ணுகிட்ட இடம் சொல்லி வை" என்றார். இதையும் சேர்த்துக்கொள்ளும்படி கேட்டேன், சேர்க்கப்பட்டது.

மேலே உள்ளது முழுக்க என் வாயால் சொன்னது, மிரட்டியோ கெஞ்சியோ யாரும் சொல்ல வைத்ததல்ல, நடந்ததும் இதுதான்.

(ஒப்பம்)
செயலாளர், வழிபாட்டு மாணவர் குழு

உடனிருந்து கேட்டவர்: தாய்மாமா (ஒப்பம்)