சாரதாம்பாள் போட்ட சாயத் தண்ணிக் கேசு

…நீலம் தம்பி, இன்னிக்கு நீலம்! பாத்து, பாத்து, அந்தக் கல்லு மேல கால வச்சுத் தாண்டி வாங்க. நேத்து சிவப்பு. நாளைக்கு என்ன கலரோ, அந்த ஃபேக்டரிக்காரனுக்குத்தான் வெளிச்சம்! வெள்ளக்காரன் ஸ்வெட்டருக்குச் சாயம் அங்க, மிச்சம் எங்க வாசல்ல. உங்களுக்கும் உண்டு, கவலப்படாதீங்க. பக்கத்து வீடுதான, மழை பெஞ்சா உள்ளயே வரும்.

திருப்பூர்லேருந்து கட்டிங் மாஸ்டரா வந்திருக்கீங்களாமே? எங்க வீட்டுக்காரரு சொன்னாரு. அவரு தமிழ் வாத்தியாரு, நாங்க வந்து அஞ்சு வருசமாச்சு. கடல் தாண்டி வந்த இந்த சேன் பியேர் ஊர்ல வாயாரப் பேச ஒரு ஆள் இல்ல தம்பி. தெரு பூரா நம்ம ஜனந்தான், தாத்தா காலத்துல வந்தவங்க, ஆனா பேசறதெல்லாம் இந்த ஊரு கிரியோல் பாஷ. "வணக்கம்"னு சொல்லிட்டு ஓடிர்றாங்க. ஏன் ஓடறாங்கன்னுதான் புரியல.

ஆங்… கேசு! அந்த ஃபேக்டரி மேல போட்டேனே, எம்பேர்லதான் போட்டேன். தள்ளிட்டாங்க! மனுதாரர் ஆஜராகலையாம். ஆஜராகலையாம்! பட்டுப்பொடவ கட்டிக்கிட்டு மொத பெஞ்சுல குத்துக்கல்லாட்டம் உக்காந்திருந்தேன் தம்பி!

வக்கீலா? டானியேல்னு ஒருத்தரு. மொத ரெண்டு வாய்தாவுக்கும் வந்து கடிகாரத்தப் பாத்துக்கிட்டு நின்னாரு. எனக்குப் பேசத் தெரியாதா, நீங்க வர வேணாம்னுட்டேன்.

பேச வேண்டியதுதானேங்கறீங்க… அங்கதான் தம்பி… காவடி வந்திருச்சே. இங்க கொடியேத்துனா பத்து நாள் வெரதம். எல்லாரும் மரக்கறி சாப்புட்டா போதும்னு இருக்காங்க. நான் கேசு செயிக்கணும்னு, பத்து நாளும் வாயே தொறக்கறதில்லன்னு முருகன்கிட்ட வேண்டிக்கிட்டேன். ஆறாம் நாள் வாய்தா. முழிக்காதீங்க, வேண்டிக்கும்போதே தேதி தெரியும்! சீட்டு எழுதிக் குடுத்துக்கலாம்னு நெனச்சேன்.

கோர்ட்டுல பாட்ரிக்னு ஒரு சேவகன். மூணு தடவ எம்பேரக் கூப்புடறான். கையத் தூக்கறேன். கக்கூசு அந்தப் பக்கம்னு காட்டறான், கட்டைல போறவன்! சீட்ட நீட்டறேன். நாலு பக்கம், முத்து முத்தா எழுதியிருந்தேன். திருப்பித் திருப்பிப் பாத்தான், எங்கிட்டயே குடுத்துட்டான். தமிழ்ல எழுதுனா அவனுக்கு ஆகாதாமா?

கேச மறுபடி எடுக்கணும்னா, கூப்புட்டப்ப ஏன் பதில் சொல்லலன்னு எழுதிக் குடுக்கணுமாம், சாட்சியோட. பத்து நாள் பேசாம இருந்தேன்னா இந்தத் தெருவுல ஒருத்தர் நம்பலயே! எங்க வீட்டுக்காரரு ஒருத்தர்தான் ரெடி. அந்தப் பத்து நாளையும் மணிக்கணக்கா ஞாபகம் வச்சிருக்காரு மனுசன்!

"தப்பு என்னுதுன்னு எழுதும்மா"ன்னாரு டானியேல். எழுதுவேனா? ஒரு வாரம் மாட்டேன்னே நின்னேன்.

நேத்து காலையில எம்பொண்ணு தாமரைச்செல்வி ஸ்கூலுக்குக் கெளம்பறா, ஷூ மாட்ட முடியல. இந்தத் தண்ணிய மிதிச்சு மிதிச்சு விரலிடுக்கெல்லாம் புண்ணு. "அன்னிக்கு ஒரு நாளாவது நீ பேசியிருக்கலாம்ல அம்மா"ன்னா. கோவமாக்கூடச் சொல்லல தம்பி. 

நேரா கோர்ட்டுக்குப் போயி கையெழுத்துப் போட்டுட்டு வந்தேன். தப்பு என்னுதுதான்னு. எழுத்துல குடுத்தேனே ஒழிய, வாயால இப்பத்தான் சொல்றேன்… உங்ககிட்ட.