அம்ப்ரோஸின் காதுக்கு எண்ணெய்

ராத்திரி ஒன்பது மணிக்கு மேல் நான் தொலைக்காட்சி பார்ப்பதில்லை. அந்த நேரத்தில் காட்டுவது எதுவும் நல்ல குடும்பங்களுக்கானது அல்ல. என் தம்பி அம்ப்ரோஸ் பல வருடங்களாக அந்த நேரத்தில்தான் அதில் வந்துகொண்டிருந்தான் என்பது வேறு விஷயம்.

நீங்கள் இசைக்கலைஞர் சங்கத்திலிருந்து ஹார்லெம்வரை வந்திருக்கிறீர்கள். அந்த நாற்காலியில் சாயாதீர்கள், அது அப்பாவுடையது. ஸ்டூடியோ சத்தத்தால்தான் அம்ப்ரோஸின் காது போனது என்று நான் சாட்சி சொல்ல வேண்டும் என்கிறீர்கள். எங்கள் லாட்டிமோர் குடும்பத்தில் பொய்ச்சாட்சி சொன்னவர் கிடையாது. அதனால் நடந்ததைச் சொல்கிறேன்.

அப்பா ஜாஸ் டிரம்மர். அவர் வாசித்தால் ஆடுகிறவர்கள்கூட நின்று கேட்பார்கள். அம்ப்ரோஸுக்கு அதே கை. அதை வைத்துக்கொண்டு அவன் செய்த வேலை, ரஸ் மெக்கிவர்ன் என்ற நிகழ்ச்சித் தொகுப்பாளன் ஜோக் சொல்லி முடித்ததும் ‘டும் டும் டிஷ்’ என்று ஒரு தட்டு. இப்போது சிரிக்கலாம் என்று ஜனங்களுக்குத் தெரிய வேண்டுமாம்.

ஞாயிற்றுக்கிழமை தேவாலயம் முடிந்து என் வீட்டுக்குச் சாப்பிட வருவான்.

“இதுக்கு ஒரு கதவு போதுமேடா. காத்துல சாத்தினா அதே சத்தம் வரும்” என்பேன்.

“எப்பச் சாத்தணும்னு கதவுக்குத் தெரியாதேக்கா. கோழி இன்னொரு துண்டு போடு.”

“அப்பா இருந்து பார்த்திருந்தா?”

“சிரிச்சிருப்பாரு. அவருக்குச் சிரிக்கத் தெரியும்.”

சாப்பிட்டதும் என் மடியில் தலை வைப்பான். டிரம் வாசிக்கிறவர்களுக்கு வாரம் தவறாமல் காதில் வெதுவெதுப்பாக ஆலிவ் எண்ணெய் விடுவது எங்கள் வீட்டு வழக்கம். அப்பாவுக்கு அம்மா விட்டாள். அம்ப்ரோஸுக்கு நான்.

ஒருநாள், “நீயும் வந்து பாரேன்க்கா” என்று கெஞ்சினான். ராத்திரி காட்டுவதைச் சாயங்காலமே பதிவு செய்துவிடுவார்கள். தேவாலயத்துக்கு அணியும் தொப்பியோடு போய் முன்வரிசையில் உட்கார்ந்தேன்.

ரஸ் என்னைப் பார்த்துவிட்டான். “அதோ நம்ம அம்ப்ரோஸோட அக்கா. ராத்திரி படுக்கவே மாட்டாங்களாம். கசங்கிடுவாங்கன்னு ஹேங்கர்ல மாட்டி வெச்சிருவாங்களாம்.”

டும் டும் டிஷ்.

ரஸ் அந்நியன், அவன் மேல் எனக்குக் கோபமில்லை. ஆனால் அந்தத் தட்டு எங்கள் வீட்டுத் தட்டு. மயிரிழை பிசகவில்லை.

அடுத்த ஞாயிறு எண்ணெயோடு, சமையலறைத் தொட்டியின் அடைப்பைக் கரைக்க வைத்திருந்த திரவத்திலும் கொஞ்சம் கலந்தேன். ரஸ் பக்கம் இருப்பது இடது காது. அதில் மட்டும்.

“எரியுதேக்கா.”

“மருந்துன்னா எரியும். அசையாதே.”

அசையவில்லை. அவ்வளவு நல்ல வளர்ப்பு.

சில வாரங்களில் அந்தக் காது அடைத்துப்போயிற்று. டிரம் வாசிக்கிறவர்களுக்கு இது வருவதுதான் என்றார் மருத்துவர். ஜோக் காதில் விழாமல் தட்டுத் தவறும், மரியாதையாக வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள் என்று எண்ணியிருந்தேன். தட்டு தாமதமாகத்தான் விழுந்தது. ஜனங்கள் அதற்கு இரண்டு மடங்கு சிரித்தார்களாம். ரஸ் திரும்பி அவனை முறைப்பானாம், அதற்கும் சிரித்தார்களாம். பத்திரிகைகள் அதைப் புதுப் பாணி என்றன. இந்த நாட்டின் ரசனையை நான் அதிகமாக மதித்துவிட்டேன்.

“அந்தக் காது போச்சுக்கா. இதையாவது நல்லாப் பாத்துக்கோ” என்று வலது காதை அவனேதான் காட்டினான்.

பார்த்துக்கொண்டேன்.

இப்போது என்னோடுதான் இருக்கிறான். நீங்கள் வந்தபோது ஜன்னலோரம் எழுந்து நின்றானே, அவன்தான். எதிலும் குறை வைக்கவில்லை. சட்டையைக்கூட நானே இஸ்திரி போடுகிறேன். ஞாயிறு சாப்பாட்டு மேஜையில் அப்பாவைப் பற்றியும் குடும்ப மானத்தைப் பற்றியும் சொல்வேன். முன்பெல்லாம் பாதியிலேயே கிண்டல் பண்ணுவான். இப்போது என் உதடுகளையே பார்த்துக்கொண்டு பொறுமையாக இருக்கிறான். நான் சொல்லி முடித்ததும், இரண்டு விரலால் மேஜையில் டும் டும் என்று தட்டி, தண்ணீர் டம்ளரின் விளிம்பில் டிஷ் என்று ஒரு சுண்டு. மயிரிழை பிசகாது.

அப்பாவுக்கு அவன் செலுத்தும் மரியாதை அது.