வீடு பூட்டியிருந்தது

நாற்காலியை மின்விசிறிக்குக் கீழே கொஞ்சம் நகர்த்திக்கொள்கிறேன், தவறாக எண்ண வேண்டாம். இருபத்தெட்டு வருடமாக ஸ்ரீவில்லிபுத்தூர் அலுவலகத்தில் பணியாளர் பிரிவைப் பார்ப்பவன் நான். விசாரிக்க வந்த உங்களிடம் சுற்றி வளைக்கப்போவதில்லை. பியூன் இருளப்பசாமி ஏற்கெனவே அழுதுகொண்டே எழுதிக் கொடுத்துவிட்டானாம். அவன் எழுதினால் பாதி விளங்காது. நான் சொல்வதையே வைத்துக்கொள்ளுங்கள்.

இடமாறுதல் ஆணை கைக்கு வந்ததும் நம் ஆட்களின் வீட்டில் எல்லோருக்கும் நோய் வந்துவிடும். மாமியாருக்கு வாதம், மாமனாருக்கு நெஞ்சுவலி. உடனே மதுரைக்கு ஓடி, உயர் நீதிமன்றக் கிளையில் தடை வாங்கி வந்து என் மேஜை முன்னால் நின்று சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பை நீங்கள் பார்த்ததில்லை.

பாண்டீஸ்வரி அந்த ரகம் இல்லை, ஒப்புக்கொள்கிறேன். சேத்தூரிலிருந்து ராஜபாளையத்தில் பஸ் மாறி வேலைக்கு வருகிறவர். புருஷன் இல்லை. மகன் சிவபாண்டிக்கு வயது இருபத்திரண்டு, புத்தி நாலு வயதோடு நின்றுவிட்டது. அவரைக் கிருஷ்ணகிரிக்குப் போட்டேன். அப்படிப்பட்ட தாய்மாருக்கு விலக்கு தரலாம் என்று சுற்றறிக்கை உண்டு. அது என் அலமாரியில்தான் இருக்கிறது.

வந்து கேட்டார். "சார், அவன் என் கையால குடுத்தாத்தான் சாப்பிடுதான். தெனமும் ஏழு மணி பஸ்ஸுக்கு வந்து நின்னு என்னையக் கூட்டிட்டுப் போவான். நான் இல்லன்னா என்ன செய்வான்?"

"பழகிக்கிடுவாம்மா" என்றேன். மரியாதையாகத்தான் சொன்னேன்.

வழக்குப் போட்டார். மூன்றாம் எதிர்மனுதாரராக என்னைப் பெயர் சொல்லிச் சேர்த்திருந்தார், என் அப்பா பெயரோடு. எனக்கு அதில் கோபம் ஒன்றும் இல்லை.

வழக்கு வந்த வியாழக்கிழமைக்கு விடுப்புக் கேட்டார். உடனே கையெழுத்துப் போட்டேன். மகனையும் கூட்டிக்கொண்டுதான் மதுரைக்குப் போவார், வீடு பூட்டிக்கிடக்கும் என்று எனக்குத் தெரியும். பகல் பன்னிரண்டரைக்கு எங்கள் வழக்கறிஞர் போன் செய்தார். இன்னும் பணியிலிருந்து விடுவிக்கப்படாவிட்டால் இதே இடத்தில் தொடரலாம் என்று நீதிமன்றம் சொல்லிவிட்டதாம். எனக்கு அந்த ஒரு நிபந்தனை போதும்.

காலை பத்தேகாலுக்கே விடுவித்துவிட்டதாக ஆணை தட்டினேன். மூன்று மணிக்கு இருளப்பசாமியைக் கூட்டிக்கொண்டு சேத்தூர் போனேன். வீடு பூட்டியிருந்தபடியால் கதவில் ஒட்டப்பட்டது என்று எழுதி அவனைச் சாட்சிக் கையெழுத்துப் போடவைத்தேன். அவனுடைய போனில் கடிகாரத்தைப் பதினொன்றரைக்குத் தள்ளி ஒரு படமும் எடுக்கச் சொன்னேன்.

"பாவம்யா அந்தப் பொம்பள" என்றான்.

"பசையத் தடவுலே" என்றேன்.

மறுநாள் பாண்டீஸ்வரி உத்தரவு நகலோடு வந்தார். வருகைப் பதிவேட்டில் அவர் பெயரைச் சிவப்பு மையால் அடித்திருந்தேன். "நேத்து சாயந்திரம்தான் வந்து ஒட்டுனாவன்னு பக்கத்து வீட்டுல சொல்லுதாவ சார்" என்றார். அதைக் கோர்ட்டில் போய்ச் சொல்லச் சொன்னேன். சொன்னார். அது நிரூபணமாக மாதக்கணக்கில் ஆகும். சம்பளம் இல்லாமல் அதுவரை யார் தாங்குவார்? பன்னிரண்டாம் நாள், வீடு பார்த்துவிட்டு வந்து கூட்டிப்போவதாகச் சொல்லி மகனைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டுக் கிருஷ்ணகிரியில் சேர்ந்தார்.

சிவபாண்டி தினமும் ஏழு மணி பஸ்ஸுக்குப் போய் நின்றிருக்கிறான். அவர் போன ஒன்பதாம் நாள், அம்மா இறங்காமலே பஸ் கிளம்பியதும், தென்காசி சாலையில் அதன் பின்னாலேயே ஓடியிருக்கிறான். லாரிக்காரன்மேல் தப்பில்லை என்றுதான் போலீசும் எழுதியிருக்கிறது.

துக்கத்துக்குப் போனேன். மாலையும் வாங்கிப்போனேன். அவர் என்னை ஏறிட்டுக்கூடப் பார்க்கவில்லை. மரியாதை தெரியாத பெண்பிள்ளை என்று நினைத்துக்கொண்டேன்.

வழக்கு மட்டும் நிலுவையில் கிடந்தது. மறுவாரமே வழக்கறிஞருக்குக் குறிப்பு அனுப்பினேன்: மனுதாரரின் மகன் இறந்துவிட்டபடியால் இடமாறுதலை எதிர்க்க அவருக்கு இனிக் காரணம் ஏதுமில்லை. அடுத்த விசாரணையிலேயே வழக்கை முடித்துவைத்தார்கள். அந்தத் தாளையும் எடுத்துப் பாருங்கள். அதில் ஒரு சொல் பொய்யென்று உங்களால் காட்ட முடியாது.