கழற்றி வைத்த சக்கரங்கள்

"சக்கரம் அம்புட்டையும் கழட்டிட்டாருடி!" என்று பின் இருக்கை அம்மாள் சொன்னபோது, குஜிலியம்பாறை பஸ் திண்டுக்கல்லை நோக்கிப் பறந்துகொண்டிருந்தது. நான் கம்பியை இரு கையாலும் பிடித்துக்கொண்டு பழனிக்கு மொட்டை நேர்ந்தேன். தலை ஏற்கெனவே வழுக்கை என்பது அப்போது நினைவுக்கு வரவில்லை.

"யாருக்கா?" என்றாள் பக்கத்திலிருந்தவள்.

"எங்க வீட்டுக்காரரோட அண்ணந்தான். எம் மக ஸ்கேட்டிங் ஆடுற ஷூவுல இருந்து!"

என் உயிர் திரும்பி வந்து உட்கார்ந்தது.

"நாளைக்குக் கொடைக்கானல்ல பந்தயம்னியே?"

"அன்னைக்கே பொண்ணு பாக்க வரச் சொல்லிட்டாருடி, எங்கிட்ட ஒரு வார்த்தை கேக்காம! கால் தெரிய ஆடுறது குடும்பத்துக்கு ஆகாதாம். போன வருசம் அவ வாங்குன கப்பத் தூக்கிக்கிட்டு ஊரெல்லாம் காட்டுனது யாரு? இவருதான!"

"சக்கரம் கெடச்சுச்சா?"

"நெல்லுக் குதிருக்குள்ள போட்டு வச்சிருந்தாரு. தோண்டி எடுத்துட்டேன். அந்தா, முன்சீட்டுல உக்காந்து மாட்டிக்கிட்டு இருக்கா பாரு."

"அப்ப மாப்ள வீட்டுக்காரக வந்தா?"

"வரட்டும். பூ வச்சுக்கிட்டு, காப்பித் தட்டோட வரச் சொன்னவரே வந்து நிக்கட்டும்!"